சம்பளம் வராத ஊரில் வீடு ஓடியது எப்படி? இவானவோ நெசவு ஊர்கள், 1992–98

#1 இழைதேடி

1990களின் ரஷ்யா என்று யார் பேச்செடுத்தாலும் யெல்த்சின், டாங்கி, திடீர் கோடீஸ்வரர்கள் என்று போய் நிற்கிறது. எனக்கு வேண்டியது வேறு. மாஸ்கோவுக்கு வடகிழக்கே 300 கிலோமீட்டருக்குள் இவானவோ. அதைச் சுற்றி ஷூயா, கினெஷ்மா, விச்சுகா, தெய்க்கவோ, ரொத்னிகி. ஊருக்கு ஒன்றிரண்டு பெரிய மில், மில்லை நம்பித்தான் ஊர். தறியில் நின்றவர்கள் பெரும்பாலும் பெண்கள். அதனால் இவானவோவுக்கு 'மணப்பெண்களின் நகரம்' என்றே பட்டப்பெயர். 1905-ல் தொழிலாளர்களின் முதல் சோவியத் (மன்றம்) கூடியதும் இங்கேதான்.

இந்த ஊர்களில் சம்பளம் மாதக்கணக்கில் நின்றது. ஆனாலும் ஊர் காலியாகவில்லை. மூன்று கேள்வி: ஏன் கிளம்பிப் போகவில்லை? என்ன சாப்பிட்டார்கள்? சம்பளத்துக்குப் பதில் கிடைத்த துணியை வைத்து என்ன செய்தார்கள்?

அரசியல் வேண்டாம். கிலோ, மீட்டர், ரூபிள் கணக்கில் சொன்னால் போதும்.

#2 பாவுநூல்

முதலில் மில் ஏன் நின்றது என்று பார்த்துவிடுவோம். அது தெரியாமல் மற்றது விளங்காது.

ரஷ்யாவில் பருத்தி விளைவதில்லை. இவானவோவுக்கு வந்த பஞ்சு முக்கியமாக உஸ்பெகிஸ்தான், துர்க்மெனிஸ்தான், தஜிகிஸ்தான் பஞ்சு. 1991 டிசம்பரோடு அவை வெளிநாடாகிவிட்டன; பஞ்சுக்கு டாலர் கேட்டார்கள். அடுத்து 1992 ஜனவரி 2-ல் பெரும்பாலான விலைகளின் கட்டுப்பாடு எடுக்கப்பட்டது. ஜனவரி ஒரு மாதத்திலேயே விலைவாசி ஏறத்தாழ மூன்றரை மடங்கு. அந்த வருசம் முழுக்க 26 மடங்கு. 1993-ல் இன்னொரு 9 மடங்கு, 1994-ல் மூன்று மடங்கு.

இதில் மில் முதலாளி நல்லவனா கெட்டவனா என்பதற்கே இடமில்லை. ஜனவரியில் துணியை அனுப்புகிறாய். வங்கி வழியாகப் பணம் வந்து சேர வாரங்கள், சில சமயம் மாதங்கள். வந்த பணத்துக்கு, விற்ற துணியை நெய்யத் தேவைப்பட்ட பஞ்சில் பாதிகூடக் கிடைக்காது. இரண்டு சுற்று இப்படிப் போனால் நடைமுறை மூலதனம் பூஜ்யம். ரஷ்யா முழுவதும் பருத்தித் துணி உற்பத்தி 1990-ல் 560 கோடி சதுர மீட்டர் அளவில் இருந்தது. 1995-ல் சுமார் 140 கோடி. நான்கில் ஒரு பங்கு.

#3 கேள்விக்கணை

பாவுநூல் சார், ஒன்று புரியவில்லை. துணியை விற்றால் பணம், அந்தப் பணத்தில் சம்பளம். கொஞ்சமாகவாவது கொடுத்திருக்கலாமே? ரோல் ரோலாகத் துணியையே எதற்குக் கையில் திணித்தார்கள்?

#4 பேரேடு

இதை நான் சொல்கிறேன். 'கார்த்தோத்தெகா இரண்டு' என்று ஒரு சொல் அந்தக் காலத்து ரஷ்யக் கணக்கர் ஒவ்வொருவருக்கும் தெரியும். மில்லின் வங்கிக் கணக்கில் காசில்லாமல் நிறைவேறாத பட்டுவாடா உத்தரவுகள் வங்கியில் அடுக்கிவைக்கப்படும் கோப்பு அது. வரி பாக்கி, ஓய்வூதிய நிதி பாக்கி, மின்சார பாக்கி எல்லாம் அதில் வரிசையில் நிற்கும். கணக்கில் ஒரு ரூபிள் விழுந்தாலும் வரிசையில் முன்னால் நிற்பவருக்குத் தானாகப் போய்விடும். சம்பளத்துக்கு எடுக்க மேலாளருக்கு வழியே இல்லை.

ஆகவே மில் என்ன செய்யும்? வங்கிப் பக்கமே பணத்தை வரவிடாது. பஞ்சுக்குத் துணி, நிலக்கரிக்குத் துணி, மின்சாரத்துக்குத் துணி. 1998 வாக்கில் ரஷ்யத் தொழிற்சாலை விற்பனையில் ஏறத்தாழ பாதி இப்படிப் பண்டமாற்றுதான். சம்பளமும் அந்த வரிசையில் சேர்ந்தது.

இதில் தொழிலாளிக்கு இரட்டை நஷ்டம். ஒன்று, துணியின் மதிப்பை மில்லே போடும். சந்தையில் அந்த விலைக்குப் போகாது. இரண்டு, ஒரே வாரத்தில் ஊரில் எல்லார் கையிலும் ஒரே பூப்போட்ட துணி. உள்ளூரில் யார் வாங்குவது? பக்கத்து விளாதிமிர் பகுதியில் கூஸ்-ஹ்ருஸ்தால்னி ஊரில் கண்ணாடி ஆலைக்காரர்கள் படிகக் கிண்ணங்களைச் சம்பளமாக வாங்கி நெடுஞ்சாலை ஓரம் விற்றது இதே கதைதான்.

துணியோடு மில் தரும் வழங்கல் சீட்டை பத்திரமாக வைக்க வேண்டும். மில் முத்திரை, அளவு, தேதி எல்லாம் அதில் இருக்கும். சாலையில் போலீஸ் மறித்தால் 'திருட்டுத் துணி' இல்லை என்று காட்ட அது ஒன்றுதான் ஆதாரம்.

#5 சட்டப்புள்ளி

முதல் கேள்விக்கு வருகிறேன். ஏன் போகவில்லை? 'ரஷ்யர்கள் பொறுமைசாலிகள்' என்று எழுதுபவர்களைக் கண்டால் எனக்கு எரிச்சல் வரும். போகாததற்குக் காகிதத்தில் காரணம் இருக்கிறது.

முதல் காரணம் ஓய்வூதியம். பொதுவாகப் பெண்களுக்கு ஓய்வு வயது 55. ஆனால் நெசவாலையில் வேலைப்பளு அதிகமுள்ள தொழில்களில் 20 வருசம் நின்ற பெண்களுக்கு 50. இப்போது 44 வயதில், 17 வருசம் தறியில் நின்ற பெண்ணை நினைத்துப் பாருங்கள். இன்னும் மூன்று வருசம் தறிக் கணக்கில் ஏறினால் 50-ல் ஓய்வூதியம். வேறு வேலைக்குப் போனால் ஐந்து வருசம் தள்ளிப்போகும். சம்பளம் வராவிட்டாலும் அவள் மில்லை விடுவாளா?

இங்கே ஒரு பொறி. முழு ஷிஃப்ட் வேலை பார்த்த காலம்தான் அந்தச் சிறப்புக் கணக்கில் ஏறும். வீட்டில் உட்கார்ந்திருந்த மாதங்கள் ஏறாது. அதனால்தான் சம்பளமே இல்லாத ஷிஃப்டுக்கும் பெயர் போடச் சொல்லி மேஸ்திரியிடம் சண்டை பிடித்தார்கள். வெளியிலிருந்து பார்க்கிறவனுக்கு அது அசட்டுத்தனமாகத் தெரியும்.

இரண்டாவது, 'நிர்வாக விடுப்பு'. பஞ்சு இல்லையென்றால் ஆலை 'வேலை இல்லாமல் நின்ற காலம்' என்று அறிவிக்க வேண்டும். தொழிலாளி தப்பு இல்லாத அந்தக் காலத்துக்குத் தொழிற்சட்டப்படி அடிப்படைக் கூலியில் மூன்றில் இரண்டு பங்குக்குக் குறையாமல் தரவேண்டும். மில் அதைச் செய்யாமல் ஒரு படிவத்தை நீட்டும்: 'என் சொந்த விருப்பத்தின் பேரில் ஊதியமில்லா விடுப்பு கோருகிறேன்.' கையெழுத்துப் போட்டால் மூன்றில் இரண்டும் போச்சு. போடாவிட்டால் அடுத்த ஷிஃப்டில் பெயர் வருமா என்ற பயம். பெரும்பாலோர் போட்டார்கள்.

மூன்றாவது, வேலையில்லாதோர் படி. முதல் மூன்று மாதம் பழைய சராசரிச் சம்பளத்தில் 75 சதவீதம், அடுத்த நான்கு மாதம் 60, அதற்கடுத்த ஐந்து மாதம் 45. கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் சராசரி எடுப்பது கடைசி மாதங்களை வைத்து. விடுப்பில் வீட்டில் இருந்தவளின் சராசரி என்ன? மாதம் இருபது சதவீதம் விலை ஏறும்போது ஏழாவது மாதத்தில் அந்த 60 சதவீதத்துக்கு என்ன மதிப்பு? மில்லும் ஆளைக் குறைக்காது. குறைத்தால் இரண்டு மாத முன்னறிவிப்பு, அதன் மேல் விலகல் பணம் என்று செலவு. ஆளை நிறுத்தவும் மாட்டான், கூலியும் தரமாட்டான்.

நான்காவது வீடு. அடுக்குமாடி மில்லுடையது, சுடுநீர் மில்லின் கொதிகலனிலிருந்து, பாலர் பள்ளி மில்லுடையது. 1991 ஜூலைச் சட்டப்படி குடியிருந்த வீட்டை இலவசமாகத் தங்கள் பெயருக்கு மாற்றிக்கொள்ளலாம், பலர் மாற்றினார்கள். ஆனால் விச்சுகாவில் வீட்டை விற்று மாஸ்கோவில் என்ன வாங்க முடியும்? கழிப்பறைகூட வாங்க முடியாது. குடியிருப்புப் பதிவு இல்லாமல் மாஸ்கோவில் தங்கினால் தெருவுக்குத் தெரு போலீஸ்.

#6 கேள்விக்கணை

அப்படியானால் கோர்ட்டுக்குப் போகலாமே?

#7 சட்டப்புள்ளி

போனார்கள். சம்பள வழக்குக்குத் தொழிலாளியிடம் நீதிமன்றக் கட்டணம் கிடையாது. மில் கணக்குப் பிரிவிடமிருந்து 'இவ்வளவு பாக்கி' என்று முத்திரையோடு சான்று வாங்கிப்போனால் விசாரணை இல்லாமலே உத்தரவு வாங்கலாம். சிக்கல் அந்தச் சான்றில்தான். பாக்கியை மில் மறுக்காமல் எழுதித் தரவேண்டும். மேலாளர் சுற்றலில் விடுவார். உத்தரவு கிடைத்த பிறகும் அது போய் நிற்பது பேரேடு சொன்ன அதே வங்கி வரிசையில். சம்பளம் தராத மேலாளரைக் குற்றவியல் சட்டத்தில் பிடிக்கத் தனிப்பிரிவு வந்ததே 1999 மார்ச்சில்தான். குதிரை ஓடியபின் லாயத்துக்குப் பூட்டு.

#8 சென்ட்கணக்கு

சாப்பாட்டுக்கு வருவோம். இது என் ஏரியா.

நகரவாசிகளுக்கு மில் மூலம் கிடைத்த தோட்டம் வழக்கமாக 6 சோத்கா. ஒரு சோத்கா 100 சதுர மீட்டர். 6 சோத்கா நம் கணக்கில் கிட்டத்தட்ட 15 சென்ட். அதில் ஒரு மரக்குடில், கொஞ்சம் ஆப்பிள், பிளாக்கரன்ட் பழப் புதர், வெள்ளரிக்குப் பாலிதீன் கூடாரம். மீதி 4 சோத்கா உருளைக்கிழங்குக்கு என்று வையுங்கள்.

வரிசைக்கு வரிசை 70 செ.மீ., கிழங்குக்குக் கிழங்கு 30 செ.மீ. ஒரு சோத்காவுக்கு 476 குழி. கோழிமுட்டை அளவு விதைக்கிழங்கு 70 கிராம். ஆக சோத்காவுக்கு 33 கிலோ. நான்குக்கு 130 கிலோவுக்கு மேல் விதையே போய்விடும். உரமோ மருந்தோ அதிகம் இல்லாத நிலையில் சோத்காவுக்கு 100–120 கிலோ எடுத்தால் சுமாரான விளைச்சல். நான்குக்கு 480 என்று தாராளமாகவே வைப்போம். அடுத்த வருச விதை 130 கழிக்க, 350. நிலவறையில் அழுகுவது பத்தில் ஒன்று. மிச்சம் 310–315. நாலு பேர் குடும்பத்தில் தலைக்கு 80 கிலோவுக்குக் கீழே. ரொட்டியும் கிழங்கும்தான் சாப்பாடு என்னும்போது தலைக்கு 120 வேண்டும். ஆகத் தோட்டம் மட்டும் பற்றாது. மில்லோ நகராட்சியோ ஊருக்கு வெளியே வயலில் இன்னும் சில சோத்காவை உழுது, முளை அடித்துப் பிரித்துக் கொடுக்கும். அந்த வயல்தான் உண்மையில் கைகொடுத்தது. ஆனால் அதற்கு வேலி கிடையாது. ஆகஸ்டில் ராத்திரிக் காவல் போடாவிட்டால் அடுத்தவர் தோண்டிவிடுவார்.

நட வேண்டிய நேரம்: பிர்ச் இலை ஒரு கோப்பெக் காசு அளவு விரிந்தபின். அங்கே அது மே இரண்டாவது வாரம் ஒட்டி. 10 செ.மீ. ஆழத்தில் மண் 7–8 டிகிரி வந்திருக்கும். அதற்கு முன் போட்டால் கிழங்கு முளைக்காமல் அழுகும். நடுவதற்கு மூன்று வாரம் முன்பே வெளிச்சமான அறையில் பரப்பி, 1 செ.மீ. தடித்த பச்சை முளை வரவைத்துக்கொள்ள வேண்டும். நீள வெள்ளை முளை என்றால் இருட்டில் வைத்துவிட்டார்கள் என்று பொருள், நடும்போதே ஒடியும். குழிக்கு ஒரு கை மரச்சாம்பல். அந்த வருசமே சுண்ணாம்பு போடக்கூடாது, கிழங்கில் சொறி விழும். செடி ஒரு சாண் உயரம் வந்ததும் மண் அணைப்பு, பூக்கும் முன் மறுபடி. ஜூன் முதல் பத்து நாளிலும் உறைபனி வரலாம்; வானம் துடைத்துவிட்டாற்போல் தெளிந்து காற்று நின்ற மாலையானால், அன்றிரவே செடியை மண்ணால் மூடிவிட வேண்டும்.

கொலராடோ வண்டு: இலையின் அடியில் ஆரஞ்சு நிற முட்டைக் கொத்து. மூன்று நாளைக்கு ஒருமுறை இலையைப் புரட்டிப் பார்த்து நசுக்க வேண்டும். சிவப்புப் புழுவை மண்ணெண்ணெய் டப்பாவில் தட்ட வேண்டும். ஒரு வாரம் விட்டால் தண்டுதான் மிச்சம். ஆகஸ்ட் மழையில் கருகல் நோய் வந்தால், தோண்டுவதற்குப் பத்துப் பன்னிரண்டு நாள் முன்பே செடியை அறுத்து அப்புறப்படுத்த வேண்டும். இல்லையென்றால் நோய் இலையிலிருந்து கிழங்குக்கு இறங்கி, நிலவறையில் நவம்பரில் நாறும்.

தோண்டியதும் இரண்டு மூன்று மணி நேரம் காயவைத்து, இருட்டுக் கொட்டகையில் இரண்டு வாரம். தோல் இறுகும், அடிபட்டது தானே தெரியும். அதன்பின் நிலவறை: 2 முதல் 4 டிகிரி. பூஜ்யத்தை ஒட்டினால் கிழங்கு இனிக்கும், 5-ஐத் தாண்டினால் பிப்ரவரியில் முளை விடும். மேலே பீட்ரூட்டை ஒரு வரிசை அடுக்குவது நல்ல வழக்கம். கூரையிலிருந்து சொட்டும் ஈரத்தை அது வாங்கிக்கொள்ளும், கெடாது.

#9 எதிர்வாதி

சென்ட்கணக்கு அண்ணே, கணக்கு பிரமாதம். ஆனால் 'தோட்டம் ஏழையைக் காப்பாற்றியது' என்பதை அப்படியே விழுங்க என்னால் முடியாது. 1990களின் கடைசியில் ரஷ்யாவின் உருளைக்கிழங்கில் 90 சதவீதம் வீட்டுத் தோட்டங்களில் விளைந்ததாகப் புள்ளிவிவரம் சொல்லும். அதில் கிராமத்து வீடுகளும் சேர்த்தி. நகரத்து மில் குடும்பத்துக்கு அந்தக் கிழங்கு இலவசமா? உழவுக்கு டிராக்டர், வாராவாரம் பஸ், மண்வெட்டி, ஊறவைக்கும் ஜாடிக்கு மூடி, சர்க்கரை. உழவுக்காரனுக்கு ஒரு பாட்டில் வோட்கா, அதுவும் அன்றைய 'செலாவணி'. இதையெல்லாம் செலவழிக்கக் கையில் கொஞ்சம் பணம் புரள வேண்டும். இரண்டு பெரியவர்கள், ஒரு பாட்டி உள்ள வீடு சமாளிக்கும். குழந்தையோடு தனியாக இருக்கும் நெசவுக்காரிக்கு ஷிஃப்ட் முடித்து 20 கிலோமீட்டர் போய்க் களை எடுக்க ஏது நேரம்? தோட்டமே இல்லாதவர்கள்தான் உண்மையான ஏழைகள்.

#10 சென்ட்கணக்கு

ஒப்புக்கொள்கிறேன். கிழங்கு வயிற்றை நிரப்பும்; எண்ணெய், சோப்பு, செருப்பு, மருந்து வாங்கித் தராது. அந்த வீடுகளில் நிச்சயமான ரொக்கம் என்றால் பாட்டியின் ஓய்வூதியம்தான். அதுவும் 1996-ல் இழுத்தடித்தது. 1997 ஜூலைக்குள் அரசு ஓய்வூதிய பாக்கியைத் தீர்த்தது. பாட்டி உள்ள வீட்டில்தான் பேரனுக்குப் புது பூட்ஸ். சட்டப்புள்ளி சொன்ன 50 வயதுக் கணக்கோடு இதைச் சேர்த்துப் பாருங்கள்: 44 வயதுப் பெண் காத்திருந்தது தன் முதுமைக்காக மட்டுமல்ல, வீட்டுக்கு ஒரு நிலையான ரொக்கம் வர.

#11 ஜாடிமூடி

கிழங்கோடு நிறுத்திவிட்டீர்கள். ஏழு மாதக் குளிருக்குக் காய்கறி?

புளிக்கவைத்த முட்டைக்கோஸ். 10 கிலோ கோஸுக்கு 200–250 கிராம் கல்லுப்பு, 300 கிராம் காரட். சீக்கிரம் விளையும் ரகம் ஆகாது, குழைந்துவிடும்; அக்டோபரில் அறுக்கும் இறுகிய வெள்ளைத் தலை வேண்டும், 'ஸ்லாவா' ரகம் பேர்போனது. மெல்லியதாக அரிந்து, உப்பைத் தேய்த்துச் சாறு விடவைத்து, எனாமல் பாத்திரத்தில் முஷ்டியால் அழுத்தி அடைத்து, மேலே தட்டு, தட்டின் மேல் கழுவிய கல். சாறு கோஸை மூட வேண்டும். மூடாத இடம் பழுப்பாகிப் பூஞ்சை பிடிக்கும். 18–20 டிகிரியில் மூன்று நான்கு நாள். தினம் இரண்டு தடவை மரக்குச்சியால் அடிவரை குத்தி வாயுவை வெளியேற்ற வேண்டும். குத்த மறந்தால் கசக்கும், இதைச் சரிசெய்யவே முடியாது. நுரை அடங்கியதும் குளிருக்குக் கொண்டுபோய்விட வேண்டும், இல்லையென்றால் புளிப்பு எல்லை மீறும். அலுமினியப் பாத்திரம் கூடாது, அமிலம் அரிக்கும்.

வெள்ளரிக்கு 3 லிட்டர் கண்ணாடி ஜாடி, வாய் 82 மி.மீ. லிட்டர் தண்ணீருக்கு 50–60 கிராம் உப்பு, சதகுப்பைத் தண்டு, பூண்டு, குதிரைமுள்ளங்கி இலை, பிளாக்கரன்ட் இலை. தகர மூடியை கையால் சுற்றும் கருவியால் இறுக்குவார்கள். ஜாடி பத்து வருசம் வரும், மூடி ஒருமுறைதான். அந்த வருசங்களில் ஜூலை மாதத்தில் கடையில் தேடித் திண்டாடியது வெள்ளரிக்காக இல்லை, மூடிக்காக.

ஒரு எச்சரிக்கை. காட்டுக் காளானைத் தகர மூடி போட்டு அடைப்பதுதான் ஆளைக் கொல்லும். காளானில் ஒட்டிய மண்ணில் போட்டுலிசக் கிருமியின் வித்து இருக்கும். அடுப்பில் கொதிக்கவைப்பதால் அது சாகாது, அதற்கு 120 டிகிரி வேண்டும். காற்றுப் புகாத ஜாடியில், புளிப்பு குறைவாக, அறைச் சூட்டில் இருந்தால் நஞ்சு ஊறும். மூடி உப்பாமலும் இருக்கலாம், நாற்றமும் வராது. அதனால் உப்புக் காளானை மரத்தொட்டியிலோ, துணியும் காகிதமும் கட்டிய ஜாடியிலோ குளிரில் வைப்பதே முறை. 'காற்றே போகாமல் மூடினால் பத்திரம்' என்ற நினைப்பு இங்கே தலைகீழ்.

#12 பாவுநூல்

துணிக் கேள்வி பாக்கி இருக்கிறது. ரோலாக விற்றால் மில் விலையில் பாதி. தைத்து விற்றால் முழு விலையும் கூலியும். அதனால் சமையலறை எல்லாம் தையல் கூடமானது. போதல்ஸ்க் தையல் எந்திரம் அநேகமாக வீட்டுக்கு ஒன்று இருந்தது. அந்த ஆலை புரட்சிக்கு முன் சிங்கருடையது.

ஒற்றைக் கட்டில் செட்டின் கணக்கு இது. துணி 150 செ.மீ. அகலம். போர்வையுறை 145 × 215, விரிப்பு 150 × 215, தலையணை உறை 70 × 70 இரண்டு. பருத்தி வெளுத்த துணி நீளவாக்கில் நூற்றுக்கு நாலைந்து சுருங்கும், ஆகவே 215-க்கு 225 எடுக்க வேண்டும். போர்வையுறைக்கு 4.5 மீட்டர், விரிப்புக்கு 2.25. தலையணை உறை ஒன்றுக்கு நீளம் 170 (இரண்டு முகம், 20 செ.மீ. உள்மடிப்பு, தையல், சுருக்கம்), அகலம் 74, இரண்டும் 150 அகலத்தில் பக்கம் பக்கமாக உட்காரும். மொத்தம் 8.45, கைக்கணக்கில் எட்டரை. 60 மீட்டர் ரோலில் 7 செட், அரை மீட்டர் மிச்சம். நடுவில் ஒரு மீட்டர் எண்ணெய்க் கறையோ பாவு அறுந்த கோடோ இருந்தால் 6 செட்தான். அந்த லாபம் அவ்வளவு மெல்லியது.

காடாவாக (வெளுக்காத துணியாக) கொடுத்தால் இந்தக் கணக்கு செல்லாது. கஞ்சி ஏறிய துணி, பத்து சதவீதம்கூடச் சுருங்கும். சோடா போட்டுக் கொதிக்கவைத்து, காயவைத்து, பிறகுதான் அளக்க வேண்டும். அவசரத்தில் நேரே தைத்து விற்றவர்களின் போர்வையுறை முதல் சலவையிலேயே போர்வைக்குப் பற்றாமல் போனது. அந்த வாங்குநர் திரும்ப வரமாட்டார்.

வெட்டுவதற்குக் கத்தரி வேண்டாம். ஓரத்தில் ஒரு விரற்கடை வெட்டிவிட்டு இழுத்தால் ஊடு நூல் வழியே நேராகக் கிழியும். கத்தரியால் வெட்டினால் கோணல். துவைத்ததும் விரிப்பு சாய்சதுரமாகும். ஓவர்லாக் எந்திரம் இல்லாத வீட்டில் இரட்டைத் தையல்: முதலில் நல்ல முகம் வெளியே இருக்க 5 மி.மீ.யில் ஒரு ஓட்டு, புரட்டி 7 மி.மீ.யில் இன்னொன்று. பிசிறு உள்ளேயே அடைபடும். 90 ஊசி, 40 நம்பர் பருத்தி நூல், தையல் நீளம் 2.5 மி.மீ.

போர்வையுறை வாய் எங்கே என்பதும் வியாபாரம்தான். சோவியத் பழக்கப்படி மேல்முகத்தின் நடுவில் வைரக்கல் வடிவ ஓட்டை. அதன் ஓரத்தைத் திருப்பித் தைக்க நேரம் பிடிக்கும், நாலு மூலையும் முதலில் கிழியும். பக்கவாட்டில் 50 செ.மீ. விட்டால் வேலை மூன்றில் ஒரு பங்கு. பழைய ஆட்கள் நடு ஓட்டையைக் கேட்பார்கள், மொத்த வியாபாரி பக்க வாயை வாங்குவார்.

ஒரு செட் எடை 1.8 கிலோ. 20 செட் 36 கிலோ. ஒரு பெண் கைவண்டியில் ரயிலேற்றக்கூடிய எல்லை அது.

#13 இழைதேடி

இது போதாதா எனக்கு! சரி, விற்ற பணத்தை எங்கே வைத்தார்கள்? சேமிப்பு வங்கியிலா?

#14 பேரேடு

வங்கியில் வைத்ததெல்லாம் 1992-லேயே கரைந்தது. கையில் வைத்ததற்கும் நிம்மதி இல்லை. 1993 ஜூலை 24, சனிக்கிழமை, ஊரில் பாதிப்பேர் தோட்டத்தில் இருக்கும்போது, 1961 முதல் 1992 வரை அச்சிட்ட நோட்டு செல்லாது என்று அறிவிப்பு. தலைக்கு 35,000 ரூபிள் மட்டும் மாற்றலாம் என்றார்கள். அன்றைய விலையில் 35 டாலர். கூச்சல் எழுந்ததும் அதை 1,00,000 ஆக்கி, ஆகஸ்ட் கடைசி வரை கெடு நீட்டினார்கள். அதற்கு இரண்டரை வருசம் முன், 1991 ஜனவரியில், 50, 100 ரூபிள் நோட்டுகளை மூன்றே நாளில் மாற்றச் சொன்ன அனுபவம் வேறு.

பாடம் தெளிவு: ரூபிள் கையில் வந்த அன்றே சர்க்கரை, மாவு, நூல், இல்லையென்றால் டாலர். டாலரிலும் நுணுக்கம் உண்டு. கிறுக்கல், முத்திரை, கிழிசல் இருந்தால் மாற்றுக்கடை வாங்காது, வாங்கினாலும் பிடித்தம். 1996-ல் பெரிய தலை போட்ட புது 100 டாலர் நோட்டு வந்ததும் பழசை வாங்கத் தயங்கினார்கள், அது செல்லும் என்று அமெரிக்காவே சொல்லியும்.

வவுச்சர் (அரசு ஆலைகளின் பங்கை வாங்க மக்களுக்குத் தந்த சீட்டு) பற்றி யாராவது கேட்பதற்குள் சொல்லிவிடுகிறேன்: 1992 அக்டோபர் முதல் தலைக்கு ஒன்று, முகமதிப்பு 10,000 ரூபிள், வாங்கக் கட்டணம் 25 ரூபிள். இரண்டு வோல்கா கார் மதிப்பு வரும் என்றார் தனியார்மயத்தை நடத்திய சுபாய்ஸ். பலர் சொந்த மில்லிலேயே போட்டார்கள். மில்லே கார்த்தோத்தெகாவில் இருக்கும்போது லாபப்பங்கு எங்கிருந்து வரும்? சிலர் வோட்காவுக்கு மாற்றிக்கொண்டார்கள். பின்னால் பார்த்தால் அவர்கள் அப்படியொன்றும் ஏமாறவில்லை.

#15 எதிர்வாதி

சாலையோரத் தையல்காரிகளுக்குப் போட்டி துருக்கி, சீனச் சரக்கு இல்லையா? கட்டம் போட்ட பெரிய பையோடு இஸ்தான்புல் லாலெலி சந்தைக்குப் போய்வந்த 'சில்னோக்'குகள்தானே சந்தையை நிரப்பினார்கள். 'சில்னோக்' என்றால் தறியின் நாடா என்றுதான் அர்த்தம். நெசவு ஊரில் நாடா நின்றது, மனிதர்கள் நாடாவாக ஓடினார்கள்.

#16 பாவுநூல்

ஜாக்கெட்டிலும் ஸ்வெட்டரிலும் போட்டி, ஆமாம். படுக்கை விரிப்பில் குறைவு. எடை அதிகம், விலை குறைவு, தீர்வையில்லாமல் கொண்டுவரும் எடைக்கும் மதிப்புக்கும் வரம்பு. 1996-ல் அந்த வரம்பை 50 கிலோ, 1,000 டாலர் என்று இறுக்கினார்கள். 50 கிலோவுக்குள் அடைக்க வேண்டுமானால் எவன் விரிப்பை அடைப்பான்? தோல் ஜாக்கெட்டை அடைப்பான்.

அப்புறம் 1998 ஆகஸ்ட் 17, அரசு கடனைக் கட்டமுடியாமல் ரூபிளை விழவிட்ட நாள். டாலர் 6 ரூபிள் சொச்சத்திலிருந்து வருசக் கடைசியில் 20-ஐத் தாண்டியது. வெளிநாட்டுச் சரக்கு ஒரே மாதத்தில் எட்டாத உயரத்துக்குப் போனது. இவானவோ விரிப்பு திடீரென்று மலிவுச் சரக்கானது. தூரத்து ஊர்களிலிருந்து மொத்த வியாபாரிகள் பஸ் பிடித்து வந்தார்கள். அந்த நேரத்தில் கையில் ரூபிள் வைத்திருந்தவர் தோற்றார், காடா வைத்திருந்தவர் ஜெயித்தார்.

#17 கேள்விக்கணை

கடைசியாக ஒன்று. 1998-ல் ரூபிளில் மூன்று பூஜ்யம் வெட்டினார்களே, அப்போதும் 1993 மாதிரி நோட்டு மாற்றக் கலவரமா?

#18 பேரேடு

இல்லை, அதைக் கவனமாகச் செய்தார்கள். ஜனவரி 1 முதல் 1,000 பழைய ரூபிள் 1 புது ரூபிள். வருசம் முழுக்க இரண்டு நோட்டும் கடையில் செல்லும், விலைச்சீட்டில் இரண்டு விலையும். அதன்பின் 2002 கடைசிவரை வங்கியில் மாற்றலாம். தடுமாறியது வேறு விஷயத்தில்: புது நோட்டின் படம் பழையதேதான், பூஜ்யம் மட்டும் குறைவு. பழைய 10,000-மும் புது 10-உம் ஒரே மதிப்பு.  சந்தையில் நோட்டை வாங்கினால் படத்தைப் பார்க்காதே, அச்சான வருசத்தைப் பார். 1997 என்றிருந்தால் புதுசு.

#19 இழைதேடி

பாவுநூல் சார், காடாவைச் சோடாவில் கொதிக்கவைக்கும் அளவு சொல்லவில்லையே. பத்து லிட்டருக்கு எவ்வளவு, எத்தனை நேரம்?

#20 பாவுநூல்

சலவைச் சோடா 10 லிட்டருக்கு 100 கிராம், அரைக் கட்டி துணி சோப்பு சீவிப் போட்டு, மெல்லிய கொதியில் ஒன்றரை மணி நேரம். துணி எப்போதும் தண்ணீருக்குள் மூழ்கி இருக்க வேண்டும், வெளியே நீட்டிக்கொண்டிருந்தால் அங்கே மஞ்சள் திட்டு விழும். முதல் தண்ணீர் தேநீர் நிறத்தில் வரும், பயப்பட வேண்டாம். சூடாக இருக்கும்போதே சுடுநீரில் அலசவேண்டும். நேரே குளிர்ந்த நீரில் போட்டால் கரைந்த மெழுகு திரும்பவும் துணியிலேயே ஒட்டிக்கொள்ளும்.